சாம்பலும் சுண்ணாம்பும்: ஊவாக் கமக்காரர் அறிய வேண்டிய கார உலோகங்கள்

பதுளை மாவட்டத்துக் கமக்காரர் ஒருவர் ஒரு போகத்திற்கு வேண்டிய பசளைகளை வாங்கி வரும்போது, அவருடைய மூட்டைகளுள் மூன்று உலோகங்கள் வந்து சேருகின்றன. எம்.ஓ.பி. என்று வழங்கும் பசளையிற் பொற்றாசியம் உண்டு. டொலமைட்டுத் தூளிற் கல்சியமும் மகனீசியமும் உண்டு. இவற்றின் உறவினதாகிய சோடியமோ சமையலறை உப்பில் எந்நாளும் இருப்பது. இரும்பும் செம்பும் போல இவை நான்கும் உலோகங்களே. எனினும் இவற்றை உலோக வடிவிற் கண்டவர் மிகச் சிலர். உப்பாகவும், சாம்பலாகவும், சுண்ணாம்பாகவும், பாறையாகவுமே இவை நம் கைக்கு வருகின்றன.

மலைச் சரிவிற் பயிரிட்ட கோவாவோ போஞ்சியோ செழிக்காதபோது, யூரியாவின் அளவைக் கூட்டுவது பலரது வழக்கம். மண் அமிலத்தன்மை அடைந்திருப்பின் அதனாற் பயனில்லை. செலவு மிகும், மண் மேலும் கெடும். அவ்விடத்து வேண்டுவது மேற்கூறிய உலோகங்களுள் ஒன்றாயிருக்கலாம். எது குறைந்துள்ளது, அதனை எவ்வாறு திருப்பிக் கொடுப்பது, கையிலுள்ளதை வீணாக்காது எவ்வாறு காப்பது என்பவற்றை விளக்குவதே இத்துண்டுப் பிரசுரத்தின் நோக்கமாகும்.

1. இரு குடும்பங்கள்

இலிதியம், சோடியம், பொற்றாசியம், உருபீடியம், சீசியம், பிரான்சியம் ஆகிய ஆறும் கார உலோகங்கள் எனப்படும். பெரிலியம், மகனீசியம், கல்சியம், ஸ்ரொன்சியம், பேரியம், இரேடியம் ஆகிய ஆறும் காரமண் உலோகங்கள் எனப்படும். இவற்றின் ஒட்சைட்டுகளுட் பெரும்பாலானவை நீருடன் சேர்ந்து காரத்தைத் தருதலால் இப்பெயர்கள் வந்தன. காரமாவது அமிலத்தின் வலிமையை அழிக்கும் பொருள். வெற்றிலைக்குத் தடவும் சுண்ணாம்பும், பாத்திரம் துலக்கும் அடுப்புச் சாம்பலும், முற்காலத்தில் துணி வெளுக்கப் பயன்பட்ட உவர்மண்ணும் காரப் பொருள்களே. இவற்றுள் முதலாவதிற் கல்சியமும், இரண்டாவதிற் கல்சியத்துடன் பொற்றாசியமும், மூன்றாவதிற் சோடியமும் உள்ளன. ஆகவே இவ்வுலோகங்களின் பெயரை அறியாத காலத்திலேயே நம் முன்னோர் இவற்றின் குணத்தை அறிந்திருந்தனர் எனலாம்.

2. கண்டறிந்த வரலாறு

இவ்வுலோகங்கள் ஒட்சிசனை இறுகப் பற்றிக்கொள்பவை. இரும்புத் தாதுவைக் கரியோடு சேர்த்து உருக்குவது போல இவற்றைப் பிரித்தெடுத்தல் பண்டைக் காலத்தில் இயலவில்லை. மின்கலங்கள் தோன்றிய பின்னரே வழி பிறந்தது. இலண்டன் இராயல் நிறுவனத்தைச் சேர்ந்த ஹம்பிரி டேவி என்னும் இரசாயன அறிஞர் 1807ஆம் ஆண்டு ஒக்ரோபர் மாதத்தில் எரிபொற்றாசு என்னும் காரத்தின் வழியே வலிய மின்னோட்டத்தைச் செலுத்தினார். வெள்ளியைப் போல மினுங்கும் சிறு துளிகள் தோன்றின. அதுவே பொற்றாசியம். சில நாட்களுக்குள் எரிசோடாவிலிருந்து சோடியத்தையும் அவர் பிரித்தெடுத்தார். அடுத்த ஆண்டாகிய 1808இற் கல்சியம், மகனீசியம், ஸ்ரொன்சியம், பேரியம் ஆகியவற்றையும் மின்னின் துணைகொண்டே வெளிப்படுத்தினார்.

பொற்றாசியம் கத்தியால் வெட்டக்கூடிய மென்மையுடையது, நீரில் மிதப்பது, நீரைத் தொட்டவுடன் ஊதா நிறச் சுவாலையுடன் எரிவது. ஆதலால் இதனை எண்ணெயில் அமிழ்த்தியே வைத்திருப்பர். இத்துணைத் துடிப்புள்ள உலோகம் இயற்கையில் தனித்து நிற்பதில்லை. பசளை மூட்டையிலுள்ள பொற்றாசியம் குளோரினுடன் சேர்ந்து சாந்தமடைந்த உப்பாகும். அது தீப்பற்றும் என்று அஞ்ச வேண்டியதில்லை.

ஏனையவற்றை வேறு அறிஞர் கண்டறிந்தனர். பெரிலியம் 1798இலும், இலிதியம் 1817இலும் கனிப்பொருள்களில் இனங்காணப்பட்டன. சீசியம் 1860இலும், உருபீடியம் 1861இலும் ஜெர்மன் அறிஞராகிய புன்சன், கிர்க்கொவ் ஆகியோரால், சுவாலையின் நிறத்தைப் பகுத்தாராயும் முறையினாற் கண்டறியப்பட்டன. இரேடியத்தை 1898இற் கியூரி தம்பதியரும், பிரான்சியத்தை 1939இல் மார்கரித் பெரே என்னும் பிரெஞ்சுப் பெண்மணியும் கண்டறிந்தனர்.

3. டேவி சகோதரரும் கமத்தொழிலும்

ஹம்பிரி டேவி உலோகங்களைக் கண்டறிந்ததோடு நின்றாரல்லர். இங்கிலாந்தின் விவசாயச் சபைக்கு அவர் பல ஆண்டுகள் நிகழ்த்திய விரிவுரைகள் 1813இல் விவசாய இரசாயனம் பற்றிய நூலாக வெளிவந்தன. நிலத்துக்குச் சுண்ணாம்பிடுதல் பற்றியும் அதிற் கூறப்பட்டுள்ளது.

அவருடைய இளைய சகோதரராகிய ஜோன் டேவி நம் நாட்டோடு தொடர்புடையவர். இளமையில் தமையனாரின் ஆய்வுகூடத்தில் உதவியாளராயிருந்த இவர், 1816 முதல் 1820 வரை இலங்கையிற் படை மருத்துவராகப் பணியாற்றினார். 1817இலும் 1818இலும் ஊவாவிற் பெருங்கிளர்ச்சி நடைபெற்றதும் அக்காலத்திலேயே. மலைநாட்டிலும் ஊவாவிலும் தாம் கண்ட பாறைகளையும் மண்ணையும் நீரையும் மக்கள் தொழில்களையும் பற்றி 1821இல் வெளியான நூலில் எழுதினார். மலைநாட்டுக் குகைகளில் வெடியுப்பு எடுக்கப்பட்ட முறை அதில் விவரிக்கப்பட்டுள்ளது. வெடியுப்பு பொற்றாசியம் நைத்திரேற்று ஆகும்.

அம்முறை கமக்காரருக்கும் ஒரு பாடமாக அமைகின்றது. குகை மண்ணை விறகுச் சாம்பலோடு கலந்து, நீர் விட்டு வடித்து, அந்நீரைக் காய்ச்சினர். மண்ணிற் கல்சியத்தோடும் மகனீசியத்தோடும் சேர்ந்திருந்த நைத்திரேற்று, சாம்பலிலிருந்த பொற்றாசியத்தோடு சேர்ந்து நீரிற் கரைந்து வந்தது. சுண்ணாம்புப் பகுதி அடியிற் படிந்தது. சாம்பலில் நீர் பட்டவுடன் பொற்றாசியம் கரைந்தோடும், சுண்ணாம்பு தங்கும் என்பது இதனால் விளங்குகின்றது. அடுப்புச் சாம்பலை மழையில் நனையவிடுபவர் இழப்பது எது என்பதும் இதனாலேயே விளங்கும்.

4. இவை கிடைக்கும் இடங்கள்

கல்சியமும் மகனீசியமும்: இவற்றிற்கு நாம் பிறநாட்டை நாட வேண்டியதில்லை. யாழ்ப்பாணக் குடாநாடு முழுவதும் சுண்ணாம்புக் கற்படையின் மீது அமைந்துள்ளது. மலைநாட்டிலோ பளிங்குத்தன்மை பெற்ற பழமையான சுண்ணாம்புக்கல் மாத்தளை, கண்டி, பதுளை முதலிய மாவட்டங்களில் இடையிடையே காணப்படுகின்றது. இதிற் பெரும்பகுதி மகனீசியம் கலந்த டொலமைட்டு வகையினது. தூய டொலமைட்டின் 100 பங்கில் ஏறக்குறைய 22 பங்கு கல்சியமும் 13 பங்கு மகனீசியமும் அடங்கியிருக்கும். தூய சுண்ணாம்புக்கல்லில் 40 பங்கு கல்சியம் உண்டு, மகனீசியம் இல்லை.

பொற்றாசியம்: நம் பாறைகளிலுள்ள பெல்ஸ்பாரிலும் மைக்காவிலும் பொற்றாசியம் உண்டு. ஆனால் அது பாறை சிதைந்து மண்ணாகும் வேகத்திலேயே வெளிப்படும். ஒரு போகத்துப் பயிரின் பசிக்கு அது போதாது. பசளைக்குரிய பொற்றாசுப் படிவுகள் இலங்கையில் தோண்டப்படுவதில்லை. ஜெர்மனியின் ஸ்ராஸ்புர்ட் என்னுமிடத்தில் 1861இற் பொற்றாசுத் தொழில் தொடங்கியது. இக்காலத்தில் உலக உற்பத்தியிற் பெரும்பகுதியைக் கனடா, ரஷ்யா, பெலரூஸ் ஆகிய நாடுகள் தருகின்றன. சாக்கடல் நீரிலிருந்தும் பொற்றாசு எடுக்கப்படுகின்றது.

இவ்வாறு வெளிநாட்டிலிருந்து வரவேண்டிய பொருள் எப்பொழுதும் தடையின்றிக் கிடைக்கும் என்று கருதுதல் கூடாது. 2021ஆம் ஆண்டு மே மாதத்தில் இரசாயனப் பசளை இறக்குமதி தடைசெய்யப்பட்டு, அவ்வாண்டு நவம்பரில் அத்தடை நீக்கப்பட்டது. அடுத்த ஆண்டில் உலக விலையும் உயர்ந்தது. நாட்டின் அந்நியச் செலாவணியும் அருகியது. அக்காலத்து அனுபவம் கமக்காரர் அனைவரும் அறிந்ததே. ஆகவே நிலத்திலும் வைக்கோலிலும் சாம்பலிலும் உள்ள பொற்றாசியத்தைக் காத்துக்கொள்வது பணத்தைக் காத்துக்கொள்வதாகும்.

சோடியம்: கடல்நீரை வெயிலில் வற்றவிட்டு உப்பு எடுக்கும் உப்பளங்கள் அம்பாந்தோட்டை, புத்தளம், ஆனையிறவு முதலிய இடங்களில் உள்ளன.

5. ஊவா மலை நிலத்தில் இவை குறைவதேன்?

மண்ணிலுள்ள களியும் உக்கலும் சிறு கொக்கிகள் நிறைந்த பலகை போன்றவை. கல்சியம், மகனீசியம், பொற்றாசியம் ஆகியவை அக்கொக்கிகளிற் பிடிபட்டு நிற்கின்றன. வேர் வந்து வேண்டியதைப் பெற்றுக்கொள்கின்றது. மலைநாட்டின் செம்மஞ்சள் மண்ணிற் களியின் கொக்கிகள் குறைவு. ஆதலால் உக்கலே அங்கு பெருந்துணை. மேல்மண் அரிக்கப்பட்டால் உக்கலும் போகும், கொக்கிகளும் போகும்.

பெரும்போகத்து மழை சரிவுகளில் ஊறி இறங்கும்போது, கொக்கிகளிலிருந்த உலோகங்களைக் கரைத்துக்கொண்டு போகின்றது. அவற்றின் இடத்தை ஐதரசனும் அலுமினியமும் பிடித்துக்கொள்கின்றன. மண் அமிலமாகின்றது. பதுளு ஓயாவும் உமா ஓயாவும் இவ்வாறு கரைந்தவற்றை மகாவலிக்குக் கொண்டு செல்கின்றன. மழை குறைந்த மகியங்கனைத் தாழ்நிலத்து மண், மலை மண்ணை விடப் பொதுவாக அமிலம் குறைந்து காணப்படுவதற்கு, அங்கு இக்கரைதல் குறைவாக நிகழ்வதும் ஒரு காரணமாகும். ஆகவே வெலிமடையில் நல்ல பயன் தந்த முறையை மகியங்கனையில் அப்படியே பின்பற்றுதல் தகாது.

மழையோடு மூன்று காரணங்கள் வேறும் உண்டு. முதலாவது அறுவடை. ஒரு தொன் உருளைக்கிழங்கு நிலத்திலிருந்து ஏறக்குறைய 4 முதல் 5 கிலோகிராம் பொற்றாசியத்தைக் கொண்டு செல்லும். எம்.ஓ.பி. 50 கிலோகிராம் மூட்டையொன்றிற் பொற்றாசியம் சுமார் 25 கிலோகிராம் ஆகும். எனவே 10 தொன் கிழங்கை விற்பவர் ஏறக்குறைய இரண்டு மூட்டைக்குரிய பொற்றாசியத்தைச் சந்தைக்கு அனுப்புகின்றார். இரண்டாவது அமோனியப் பசளை. 100 கிலோகிராம் அமோனியம் சல்பேற்று உண்டாக்கும் அமிலத்தை அடக்க ஏறக்குறைய 110 கிலோகிராம் சுண்ணாம்புக்கல் தூள் வேண்டும். யூரியாவும் அமிலத்தை உண்டாக்குவதே. மூன்றாவது மண்ணரிப்பு. முதலிரண்டாற் போனவற்றைப் பசளையால் ஈடுசெய்யலாம். அரித்துச் சென்ற மேல்மண்ணை மீட்டல் அரிது.

6. தேயிலை நிலமும் காய்கறி நிலமும்

அமிலத்தன்மை பீ.எச். என்னும் அளவினாற் குறிக்கப்படும். 7 என்பது நடுநிலை. 7இற்குக் குறைந்தால் அமிலம்; கூடினாற் காரம். ஒவ்வோர் எண் குறையும்போதும் அமிலம் பத்து மடங்கு கூடும். பீ.எச். 6 உள்ள மண்ணைவிட 5 உள்ள மண் பத்து மடங்கு அமிலமுடையது. 4 உள்ளது நூறு மடங்கு அமிலமுடையது.

தேயிலை 4.5 முதல் 5.5 வரை உள்ள அமில மண்ணை விரும்பும் செடி. மண்ணிற் கரைந்த அலுமினியத்தை அது தாங்கிக்கொள்ளும். கோவா, போஞ்சி, கரட், தக்காளி முதலியவற்றிற்கு அத்தகைய தாங்குதிறன் இல்லை. பீ.எச். 5.5இற்குக் கீழிறங்கும்போது அலுமினியம் கரைந்து வேர் நுனிகளைக் குட்டையாக்கும். பொசுபரசையும் அது பற்றிக்கொள்வதால், இட்ட பொசுபேற்றுப் பசளை பயிருக்கு எட்டாது. இக்காய்கறிகளுட் பெரும்பாலானவை 5.5 முதல் 6.5 வரையிலேயே நன்கு வளரும்.

பழைய தேயிலை நிலத்திலும், லயங்களை அடுத்த சிறு தோட்டங்களிலும் காய்கறி நடுவோர் இதனை முக்கியமாகக் கவனித்தல் வேண்டும். தேயிலை செழித்து நின்ற மண் கோவாவுக்கும் நன்றாயிருக்கும் என்று எண்ணுதல் தவறு. காய்கறிக்கு இடும் டொலமைட்டை அடுத்துள்ள தேயிலை நிரைகளிற் பரவவிடுதலும் தவறு. தேயிலைக்கு டொலமைட்டு வேண்டுமாயின், கவ்வாத்துக் காலத்தை ஒட்டி, மண் பரிசோதனைக்கு ஏற்ப இடுதலே முறை. இதற்குரிய ஆலோசனையைப் பசறையிலுள்ள தேயிலை ஆராய்ச்சி நிறுவனத்தின் பிராந்திய நிலையத்திற் பெறலாம்.

7. இலையைப் பார்த்து அறிதல்

பொற்றாசியமும் மகனீசியமும் செடிக்குள் இடம்பெயரக்கூடியவை. குறைவு நேரும்போது செடி முதிர்ந்த இலைகளிலிருந்து அவற்றை எடுத்து இளந்தளிருக்கு அனுப்பும். ஆகவே அடையாளம் முதிர்ந்த, கீழ் இலைகளில் முதலிலே தோன்றும். கல்சியம் ஓரிடத்திற் சேர்ந்தபின் எளிதில் நகராது. ஆகவே அதன் குறை இளந்தளிரிலும் காயிலும் தோன்றும். இந்த ஒரு விதியை நினைவிற் கொண்டால் தவறுகள் பல குறையும்.

பொற்றாசியக் குறை: முதிர்ந்த இலையின் ஓரமும் நுனியும் மஞ்சளாகிக் கருகும். நெல்லின் தண்டு வலிமை குன்றிச் சாயும். கிழங்கும் காயும் பருமனடையா.

மகனீசியக் குறை: முதிர்ந்த இலையின் நரம்புகள் பச்சையாயிருக்க, இடைப்பகுதி மஞ்சளாகும். இலைப்பச்சையின் நடுவே இருக்கும் உலோகம் மகனீசியம் ஆதலின் இவ்வாறு நேர்கின்றது. பொற்றாசியத்தை அளவுக்கு மிஞ்சி இடுதலும் இக்குறையை வரவழைக்கும். ஒன்று மிகின் மற்றொன்றை வேர் எடுத்துக்கொள்வது குறையும்.

கல்சியக் குறை: தக்காளிக் காயின் அடிப்பகுதி கறுத்து அழுகும். கோவாவின் உள்ளிலைகளின் ஓரம் கருகும். மண்ணிற் கல்சியம் இருந்தும், நீர் ஒரு நாள் மிகுந்தும் ஒரு நாள் வற்றியும் கிடைப்பின் இந்நோய் தோன்றும். ஆகவே சுண்ணாம்பு வாங்குமுன் நீர்ப்பாய்ச்சலை ஒழுங்குசெய்தல் வேண்டும்.

இலையின் அடையாளம் ஐயத்தை எழுப்பும். மண் பரிசோதனையே ஐயத்தைத் தீர்க்கும். நிலத்தின் 8 முதல் 10 இடங்களில், 15 சென்ரிமீற்றர் ஆழம் வரை மண்ணெடுத்து, சுத்தமான பிளாஸ்ரிக் வாளியிற் கலந்து, நிழலில் உலர்த்தி, அரைக் கிலோகிராம் அளவை விவசாயப் போதனாசிரியரிடம் ஒப்படைக்கலாம். சாம்பல் கொட்டிய இடம், எருக்குவியல் இருந்த இடம், அண்மையிற் பசளையிட்ட இடம் ஆகியவற்றில் மண்ணெடுத்தல் கூடாது.

8. டொலமைட்டும் சுண்ணாம்பும் இடும் முறை

சுண்ணாம்புக்கல்லைச் சூளையிற் சுட்டால் 100 பங்கு கல் 56 பங்கு சுட்ட சுண்ணாம்பாகும். அதில் நீர் தெளித்தால் 74 பங்கு நீறிய சுண்ணாம்பாகும். இம்மூன்றும் ஒரே அளவு அமிலத்தை அடக்க வல்லவை. டொலமைட்டில் 92 பங்கே 100 பங்கு சுண்ணாம்புக்கல்லுக்கு நிகராகும். விலையை ஒப்பிடும்போது இக்கணக்கை மனத்திற் கொள்க. சுட்ட சுண்ணாம்பு விரைந்து வேலை செய்யும்; ஆனாற் கண்ணையும் தோலையும் எரிக்கும். டொலமைட்டு மெல்ல வேலை செய்யும், மகனீசியத்தையும் தரும், கையாள எளிது.

சோதனைச்சாலை ஓர் ஏக்கருக்கு இத்தனை என்று கூறும் அளவைச் சிறு நிலத்துக்கு மாற்றுதல் எளிது. ஏக்கருக்கு ஒரு தொன் என்பது ஒரு பேர்ச்சுக்கு 6¼ கிலோகிராம். ஒரு சதுர மீற்றருக்கு ஏறக்குறைய 250 கிராம். பத்து மீற்றர் நீளமும் ஒரு மீற்றர் அகலமும் உள்ள பாத்திக்கு 2½ கிலோகிராம் ஆகும்.

கவனிக்க வேண்டியவை:

(அ) நடுகைக்கு இரண்டு மூன்று வாரங்களுக்கு முன்னரே சீராகத் தூவி, மேல் 15 சென்ரிமீற்றர் மண்ணோடு கலத்தல் வேண்டும். மேலே தூவி விட்டுவிடுதல் போதாது. மண்ணில் ஈரம் இருந்தாலே அது வேலை செய்யும்.

(ஆ) தூள் நுண்ணியதாயிருத்தல் வேண்டும். பருமணலாகத் தங்கும் பகுதி பல ஆண்டுகள் பயன்தராது கிடக்கும்.

(இ) யூரியா, அமோனியம் சல்பேற்று, கோழியெரு ஆகியவற்றோடு சுண்ணாம்பையோ சாம்பலையோ கலத்தல் கூடாது. நைதரசன் அமோனியா வாயுவாகப் பறந்துவிடும். இரண்டிற்கும் இடையே இரண்டு வாரமாவது கழிதல் நன்று.

(ஈ) கோவா இனப் பயிர்களின் வேரை வீங்கச் செய்யும் வேர்க்கழலை நோய் அமில மண்ணிற் பெருகும். சுண்ணாம்பு அதனைக் குறைக்கும். உருளைக்கிழங்கின் சொறி நோயோ அமிலம் குறைந்த மண்ணிற் பெருகும். ஆகவே சுழற்சிப் பயிர்செய்கையில், கிழங்கைத் தோண்டியெடுத்தபின், கோவாவுக்கோ போஞ்சிக்கோ முன்னதாகச் சுண்ணாம்பிடுக. கிழங்கு நடுமுன் இடுதலைத் தவிர்க்க.

(உ) அளவுக்கு மிஞ்சிய சுண்ணாம்பு இரும்பு, நாகம், மங்கனீசு முதலிய நுண்போசணைகளைப் பயிருக்கு எட்டாது செய்யும். எனவே பரிசோதனையின்றி ஆண்டுதோறும் இடுதல் கூடாது.

நெல் வயலில் நீர் தேங்கி நிற்கும்போது அமில மண்ணின் பீ.எச். தானாகவே நடுநிலையை நோக்கி உயரும். எனவே மலை வயலில் நெல்லைவிட, அதன்பின் வரும் காய்கறிக்கே சுண்ணாம்பின் தேவை பெரும்பாலும் மிகுதி.

9. வைக்கோலும் சாம்பலும்

நெற்பயிர் எடுத்துக்கொண்ட பொற்றாசியத்தில் ஐந்தில் நான்கு பங்கு வைக்கோலிலேயே தங்குகின்றது. ஒரு பங்கே நெல்மணிக்குப் போகின்றது. ஒரு தொன் வைக்கோலில் ஏறக்குறைய 12 முதல் 17 கிலோகிராம் பொற்றாசியம் உண்டு. ஆகவே வயலுக்குத் திரும்பும் ஒவ்வோர் இரண்டு தொன் வைக்கோலும் எம்.ஓ.பி. ஒரு மூட்டைக்குக் குறையாத மதிப்புடையது.

வைக்கோலை எரித்தால் நைதரசன் ஏறக்குறைய முழுவதும் புகையோடு போகும். பொற்றாசியம் சாம்பலில் நின்றாலும் காற்றாலும் மழையாலும் சிதறும். சூடடித்த இடத்திற் குவித்து வைத்தாலோ, மழைநீர் பொற்றாசியத்தைக் கரைத்து அந்த ஓரிடத்திலேயே இறக்கும். மறு போகத்தில் அவ்விடத்துப் பயிர் மட்டும் கருமையாக வளர்வதைப் பலர் கண்டிருப்பர். எனவே சூடடித்தவுடன் வைக்கோலை வயல் முழுவதும் பரப்பி, நிலம் பண்படுத்தும்போது உழுது புதைத்தல் வேண்டும். வெலிமடை, ஊவா பரணகமப் பகுதிகளிற் பெரும்போக நெல்லுக்குப் பின் சிறுபோகத்தில் வயலிலேயே உருளைக்கிழங்கு நடுவோர்க்கு இது மிகவும் பயன்தரும். கிழங்கு பொற்றாசியத்தை மிகுதியாக விரும்பும் பயிர் அன்றோ? உழுது புதைப்பதற்கு வசதியில்லாதோர் வைக்கோலைக் கூட்டெருவாக்கி இடலாம்.

விறகுச் சாம்பலில் மிகுதியாயுள்ளது சுண்ணாம்பே. அதனுடன் பொற்றாசியமும் மகனீசியமும் உண்டு. அடுப்பிலிருந்து எடுத்ததை ஆறவிட்டு, மூடியுள்ள பாத்திரத்தில் உலர்வாகச் சேமித்து, காய்கறிப் பாத்திகளிற் சிறிதாகத் தூவி மண்ணோடு கலக்கலாம். தேயிலைக்கும் உருளைக்கிழங்குக்கும் இதனைத் தவிர்த்தல் நன்று. பிளாஸ்ரிக்கோ, நிறம் பூசிய பலகையோ சேர்த்து எரித்த சாம்பலைப் பயிருக்கு இடுதல் கூடாது.

10. சோடியத்தைப் பற்றி ஓர் எச்சரிக்கை

சோடியம் மனிதருக்கும் கால்நடைக்கும் வேண்டியது. நெல்லுக்கும் காய்கறிக்கும் அது இன்றியமையாததன்று. மிகுந்தால் வேர் நீரை உறிஞ்ச இயலாமற் போகும். களிமண் கலைந்து இறுகி நீர் இறங்காது. தாழ்நிலத்தில் வடிகாலற்ற வயல்களிலேயே இத்தீங்கு பெரிதும் தோன்றும். மண் வரம்பில் வெள்ளை உப்புப் படிவு காணப்பட்டால், முதலில் வடிகாலை வெட்டி நல்ல நீரால் மண்ணைக் கழுவுதல் வேண்டும். சோடியம் களியில் ஒட்டியிருப்பது பரிசோதனையால் உறுதியானால், ஜிப்சம் என்னும் கல்சியம் சல்பேற்று அதனை வெளியேற்றும். வடிகாலின்றி ஜிப்சம் இடுதல் வீண்.

11. பிற உலோகங்களின் பயன்

இலிதியம் கைத்தொலைபேசிகளின் மின்கலங்களில் உள்ளது. ஸ்ரொன்சியம் வாணவேடிக்கைக்குச் செந்நிறம் தருவது. பேரியம் சல்பேற்று, வயிற்றை எக்ஸ்கதிர்ப் படம் எடுக்குமுன் நோயாளிக்குக் கொடுக்கப்படுவது. சீசியத்தைக் கொண்டு மிக நுண்ணிய கடிகாரங்கள் இயங்குகின்றன; 1967 முதல் ஒரு செக்கனின் அளவும் அதனாலேயே வரையறுக்கப்படுகின்றது.

சீசியத்தின் இன்னொரு பயன் கமக்காரரைச் சார்ந்தது. 1950களிலும் 1960களிலும் நடந்த அணுகுண்டுச் சோதனைகளாற் சீசியம்-137 என்னும் கதிர்வீசும் வகை உலகெங்கும் மழையோடு இறங்கி மேல்மண்ணின் களியில் ஒட்டிக்கொண்டது. ஒரு சரிவில் அது எவ்வளவு எஞ்சியுள்ளது என்று அளந்தால், அக்காலம் முதல் அங்கு எவ்வளவு மேல்மண் போயிற்று என்று கணிக்கலாம். பல நாடுகளில் அறிஞர் இவ்வாறே மண்ணரிப்பை அளக்கின்றனர். கண்ணுக்குத் தெரியாது போகும் மண்ணுக்கும் கணக்கு உண்டு என்பதை இது காட்டுகின்றது.

12. நினைவிற் கொள்ள வேண்டியவை

1. பயிர் செழிக்காதவிடத்து யூரியாவைக் கூட்டுமுன் மண்ணின் பீ.எச். அளவைச் சோதிப்பிக்கவும்.
2. குறை முதிர்ந்த இலையிலா, இளந்தளிரிலா என்று முதலிற் பார்க்கவும்.
3. காய்கறிக்கு டொலமைட்டை நடுகைக்கு முன்னரே மண்ணோடு கலக்கவும். தேயிலைக்குப் பரிசோதனையின்றி இடவேண்டாம்.
4. சுண்ணாம்பையும் சாம்பலையும் நைதரசன் பசளையோடு கலக்கவேண்டாம்.
5. வைக்கோலை எரிக்கவேண்டாம், வயலுக்கே திருப்பவும்.
6. சாம்பலை நனையவிடவேண்டாம்.
7. சரிவில் சமவுயரக் கான்களும் கல் வரம்புகளும் அமைத்து மேல்மண்ணைக் காக்கவும். கூட்டெரு இட்டு உக்கலைப் பெருக்கவும்.

மேலும் விளக்கம் வேண்டுவோர் தத்தம் பகுதி விவசாயப் போதனாசிரியரையோ, பண்டாரவளையிலுள்ள பிராந்திய விவசாய ஆராய்ச்சி அபிவிருத்தி நிலையத்தையோ நாடலாம். பெரும்போக மழைக்கு முன்னரே மண் மாதிரியை ஒப்படைத்தால், அறிக்கை கிடைத்து டொலமைட்டு இடுவதற்கும் காலம் போதியதாயிருக்கும்.